கிழிசல் சட்டை

ஓக்தான் ஆற்றங்கரை மேட்டில் மூச்சிரைக்க ஏறினாள். அவளுக்கு அப்பாவின் பழைய சட்டை வேண்டும், உடனே வேண்டும்.

அப்பா மா சம்போக் மதியம் இறந்துபோனார். சியோல் மதிலுக்கு வெளியே, மண்குடிசைகளிலும் சாவுக்கு முறை உண்டு. இறந்தவர் உடுத்திய மேல்சட்டையைக் கூரையிலிருந்து கொடிபோல் வீசி, பெயர் சொல்லி மூன்று தடவை உயிரைக் கூப்பிட வேண்டும். அது முடியும்வரை வீட்டில் யாரும் வாய்விட்டு அழக் கூடாது.

அவர் உடுத்தியது ஒரே சட்டைதான். ஏழைகளைப் பற்றிய ஊமைப்படம் எடுக்க வந்தவர்கள் போன வாரம் அதை வாங்கிக்கொண்டு புதுச் சட்டை கொடுத்தார்கள். கத்தரித்துச் செய்த கிழிசல் கேமராவில் பொய்யாகத் தெரியுமாம். நோயில் போர்வைக்குள்ளேயே கிடந்த அவர் புதுச் சட்டையை ஒருநாளும் போட்டுக்கொள்ளவில்லை. அதை வீசினால் உயிருக்கு எப்படி அடையாளம் தெரியும்?

மேட்டில் வேலை நின்றிருந்தது. சூரியன் மேகத்துக்குள். வெயிலை நடிகன் முகத்துக்குத் திருப்பும் வெள்ளித்தாள் பலகையின்மேல் இரண்டு பேர் சாய்ந்திருந்தார்கள். நடிகன் யூன் அப்பாவின் சட்டையில் நின்றான்.

"ஐயா, அப்பா போயிட்டாரு. சட்டையக் குடுங்க."

இயக்குநர் தொப்பியைக் கழற்றினார். "அடடா... ஆனா பாதிக் காட்சி காலையிலயே எடுத்தாச்சும்மா. மேடு ஏறுறப்ப ஒரு சட்டை, இறங்குறப்ப வேற சட்டைன்னா பாக்குறவன் சிரிப்பான். மேகம் விலகட்டும்."

"மேகம் யாரு சொல்லிக் கேக்கும்? அங்க எங்க அத்தை வாயப் பொத்திக்கிட்டு உக்காந்திருக்கா. இன்னும் கொஞ்ச நேரம் போனா வெடிச்சிருவா."

யூன் அதற்குள் சட்டையின் மார்பு முடிச்சை அவிழ்த்துவிட்டான். "மேடு ஏறினவன் உச்சியில சட்டைய வித்துட்டான். வெறும் உடம்போட இறங்குறான். சரியா வருமே அண்ணே?"

"குளிர்ல விறைச்சிருவேடா."

"நடுங்குறதுக்குத் தனியா நடிக்க வேணாம்ல."

இயக்குநர் கொஞ்சம் யோசித்தார். "வித்துத்தான் இருப்பான்," என்றார்.

ஓக்தான் கொண்டுவந்த சட்டையோடு பக்கத்துக் குடிசை பாங் மாமா ஏணியில் ஏறினார்.

"கூரையில கால வைக்காதீங்க மாமா, இடிஞ்சா ரெண்டு சாவாயிரும்!" யாரோ கீழிருந்து கத்தினார்கள்.

அவர் ஏணியிலேயே நின்று வடக்கே பார்த்துச் சட்டையை வீசினார்.

"மா சம்போக்! திரும்பி வா!"

மூன்றாவது கூப்பாடு அடங்கியதும் குடிசைக்குள் அத்தையின் அழுகை வெடித்தது. ஓக்தானும் அழுதாள்.

சட்டையை அப்பாவின்மேல் விரித்தபோது கழுத்துப்பட்டையில் நடிகனின் முகப்பூச்சு வெள்ளையாக ஒட்டியிருந்தது. அத்தை பாவாடை நுனியால் துடைக்கப் போனாள்.

"இருக்கட்டும் அத்தை," என்றாள் ஓக்தான்.