பொய்ச்சாவுக்கு வந்தவள்

1

இந்தக் கதை எனக்கு மழைக்கு ஒதுங்கிய இடத்தில் கிடைத்தது. திருச்சூர் பக்கம், எங்கள் மாளாவில், ஒரு சாவு வீட்டுப் படப்பிடிப்பு. மலையாளப் படக்காரர்கள் மழையையும் மரணத்தையும் வெளியிலிருந்து கொண்டுவருவதில்லை. ஊரில் இருப்பதையே எடுத்துக்கொள்வார்கள். படம் வந்ததும் ஊரே போய்ப் பார்த்துவிட்டு, "நம்ம மீன்குழம்பு இன்னும் கொஞ்சம் சிவப்பாச்சே" என்று குறை சொல்லும்.

முதலில் இப்படித் தொடங்கினேன்: 'சவப்பெட்டிக்குள் ஆன்டப்பன் சுகமாகக் கால் நீட்டி' (வேண்டாம். கதை அவனுடையது அல்ல.)

2

கதை ரோசிலியுடையது. அவள் 'சேட்டா' என்று கூப்பிடும் கணவன் லோனப்பன் கொரோனா காலத்தில் மஸ்கட்டில் இறந்து அங்கேயே அடக்கமானான். அடக்கத்தைக் கைபேசியில் காட்டினார்கள், பெட்டியை மூடுவதற்கு முன்பே படம் உறைந்துவிட்டது. எங்கள் கிறிஸ்தவ வழக்கப்படி பெட்டியை மூடுமுன் மனைவி தரவேண்டிய கடைசி முத்தம் அவளிடமே தங்கிவிட்டது. [இந்த வரியை அடித்துவிட்டு மறுபடி எழுதினேன். வேறு வழி தெரியவில்லை.]

படத்தில் அவளுக்குப் பக்கத்து வீட்டுக்காரி வேடம். பிணமாக நடிப்பது ஊரில் ஆட்டோ ஓட்டும் ஆன்டப்பன்.

"ரோசிலி சேச்சி, நீங்க ஓரமா நின்னு அழுதா போதும்," என்றான் இயக்குநர் ஷிபின்.

"அழுகை வரலேன்னா?"

பெட்டிக்குள்ளிருந்து ஆன்டப்பன், "என் மூஞ்சியப் பாருங்க சேச்சி, தானா வரும்!"

"செத்தும் வாய் அடங்குதா பாரு!" என்றாள் அவள்.*

* சாவு வீட்டில் சிரிக்கக் கூடாது என்பார்கள். எங்கள் ஊரில் யாரும் கேட்டதில்லை.

3

கேமரா ஓடியது. ஜெபம் முடிந்தது. மனைவியாக நடித்தவள் முன்னே வருவதற்குள் ரோசிலி வந்துவிட்டாள். சாம்பிராணிப் புகையில், மழைச் சத்தத்தில், பெட்டிக்குள் இருப்பது யார் என்று அவளுக்கு

(வாக்கியம் இங்கே நின்றுவிட்டது. நிற்கட்டும்.)

குனிந்து நெற்றியில் முத்தமிட்டாள்.

"இவ்ளோ நாளாச்சா சேட்டா, வீட்டுக்கு வர்றதுக்கு?"

வாயாடி ஆன்டப்பன் மூச்சுகூட விடவில்லை. 'கட்' சொல்ல வாயெடுத்த ஷிபின் அப்படியே நின்றான்.

4

ஒரு முடிவில் ஆன்டப்பன் தும்முகிறான். எல்லோரும் சிரித்துக்கொண்டே சாயா குடிக்கப் போகிறார்கள். இன்னொன்றில் அந்தக் காட்சி படத்தில் வருகிறது. மாளாவே தியேட்டரில் அழுகிறது, ரோசிலி மட்டும் போகவில்லை. இரண்டையும் எழுதிப் பார்த்தேன். இரண்டிலும் அவள் அந்த நெற்றியிலிருந்து தலையைத் தூக்கியாக வேண்டும். எனக்கு மனசு வரவில்லை.

ஆகவே 'கட்' சொல்ல வேண்டியவர் நீங்கள்தான். ஆன்டப்பன் பாவம், ரொம்ப நேரம் மூச்சைப் பிடிக்கமாட்டான். இருந்தாலும் கொஞ்சம் பொறுங்கள்.