காலுக்குப் போட்ட டாவா

டாக்டர் நகியேதே வரலாற்று டாக்டர்தான், ஊசி போடுகிற டாக்டர் இல்லை. பாரே மலை தேவாலய முற்றத்தில் அன்று அவள் தன் புத்தகத்திலிருந்து வாசிக்க வேண்டும். டார் எஸ் சலாம் பல்கலைக்கழகத்திலிருந்து துறைத்தலைவரே வரப்போகிறார். அவளுக்கு வேலை நிரந்தரமா, இல்லை வீட்டுக்கு அனுப்புவதா என்பது இந்தப் புத்தகத்தில்தான் இருந்தது.

புத்தகத்தின் உயிரே மூன்றாம் அத்தியாயம். ஆங்கிலேயர் காலத்தில் வந்த வெள்ளைக்கார டாக்டரின் டாவாவை, அதாவது மருந்தை, இந்த ஊரார் காலில் பூசிக்கொண்டார்கள், அப்படியே சாம்ராஜ்யத்தை மிதித்தார்கள் என்று வெளுத்துக்கட்டியிருந்தாள். ஆதாரம், ஊர்ப் பெரியவர் கஜீரு தாத்தா சொன்ன ஒரே வரி: "அவன் டாவாவை நாங்க காலுக்குத்தான் போட்டோம்."

விழாவுக்கு அழைத்துப்போக வந்த நகியேதேவிடம், "இரும்மா, டாவா போட்டுட்டு வரேன்" என்றார் தாத்தா. டப்பாவைத் திறந்து ஷூவுக்குக் கறுப்பு பாலிஷ் போட ஆரம்பித்தார்.

அப்படியானால் அந்த வெள்ளைக்கார டாக்டரின் டாவாவும் இந்த பாலிஷ்தானா! காய்ச்சல் மாத்திரையும் டாவா, பற்பசையும் டாவா, கொசுவத்தியும் டாவா, ஷூ பாலிஷும் டாவாதான். சுவாஹிலி பேசி வளர்ந்தவளுக்கு இது தெரியாதா? நன்றாகத் தெரியும். புத்தகம் எழுத உட்கார்ந்தால்தான் படித்தவர்களுக்குச் சொந்த மொழி மறந்து தொலைக்கிறது!

மேடையேறினாள். பொய்யை வாசிக்க நாக்கு எழவில்லை. அது ஷூ பாலிஷ் என்று உடைத்துச் சொல்லிவிட்டாள். ஊரே விழுந்து விழுந்து சிரித்தது. துறைத்தலைவர் மட்டும் சிரிக்கவில்லை. வேலை போயே போச்சு என்று அவளுக்குக் கண் கலங்கியது.

கஜீரு தாத்தா கோபமாக எழுந்தார். "எதுக்குச் சிரிக்கிறீங்க? அந்த டாக்டரோட பாலிஷ் டப்பா எங்ககிட்ட எப்படி வந்துச்சு தெரியுமா? ஊசியைப் பார்த்ததும் எங்கப்பாரு அந்த டாக்டரோட பெட்டியைத் தூக்கிக்கிட்டு மலையேறிட்டாரு. ஊசி மருந்தும் பாலிஷ் டப்பாவும் அதுக்குள்ளதான். மறுநாள் கவர்னர் வர்றாரு. பாலிஷ் இல்லாத ஷூவோட அவர் முன்னாடி எப்படி நிக்கிறதுன்னு டாக்டர் ஓடியே போயிட்டான். அப்புறம் இந்தப் பக்கம் தலைவச்சும் படுக்கல."



"ஊசி மருந்து?" என்றாள் நகியேதே.

"ஆட்டுக்குக் குத்தினோம்."

"இதையெல்லாம் ஏன் தாத்தா என்கிட்ட சொல்லல?"

"நீ எங்கே கேட்ட? டாவாவை என்ன பண்ணீங்கன்னு கேட்ட, சொன்னேன். உடனே கிளம்பிட்டியே."

துறைத்தலைவர் நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டார். மூன்றாம் அத்தியாயத்தைக் கிழித்துப் போடச் சொன்னார். அடுத்த வருடமும் நீதான் எங்கள் துறையில் பாடம் எடுக்கப்போகிறாய், அதனால் அவசரப்படாமல் தாத்தாவிடம் முழுசாகக் கேட்டு எழுது என்றார். நகியேதேவுக்குப் போன உயிர் திரும்பி வந்தது.

"அது கிடக்கட்டும்," என்றார் துறைத்தலைவர், தாத்தாவின் பக்கம் திரும்பி. "ஆடு என்ன ஆச்சு?"