ஹெர் பெக்கருக்கு ராச்சாப்பாடு

இருக்கிற இடத்தில் இருப்பது இப்போதெல்லாம் ஒரு வியாதி மாதிரி ஆகிவிட்டது. எவனைப் பார்த்தாலும் எங்கேயோ கிளம்பிக்கொண்டே இருக்கிறான். கல்யாண வீட்டில் இலை முன்னால் உட்கார்ந்தால், பக்கத்து இலைக்காரன் ரசம் ஊற்றுவதற்குள், "எம் பையன் கனடாவுக்குப் போறான், உங்க வீட்ல யாரு போறா?" என்று கேட்கிறான். உங்க வீட்ல யாரு இருக்கா என்று கேட்க ஒரு நாதி இல்லை. காளவாசலில் பஸ்ஸை விட்டு இறங்கிய முத்திருளன், எதிரே மூன்றாவது மாடியில் தொங்கிய போர்டை அண்ணாந்து பார்த்துவிட்டு வெற்றிலை எச்சிலைச் சாக்கடையில் துப்பினார். போர்டில் ஒரு கோட்டையின் படம். கோட்டைக்குக் கீழே ஒரு நர்ஸு பல் அத்தனையும் தெரியச் சிரித்துக்கொண்டிருந்தாள்.

"இதான்ப்பா எடம்," என்றாள் முனீஸ்வரி.

"தெரியுது. கோட்டைக்குள்ள உன்னைய ராணியா ஒக்கார வைக்கப் போறாங்களாக்கும்."

"கெழவங்களுக்குச் சோறு ஊட்டப் போறேன். எத்தன தடவ சொல்றது? படி ஏறு."

அவருடைய கடைசிப் பிள்ளை அவள். நர்ஸுக்குப் படித்துவிட்டு மதுரையில் ஒரு தனியார் ஆஸ்பத்திரியில் வேலை பார்க்கிறாள். தினமும் வேலை முடிந்த கையோடு இங்கே வந்து ஒரு வருசமாக ஜெர்மன் படிக்கிறாள். ஜெர்மனியில் முதியோர் இல்லம் நடத்துகிற அம்மா ஒருத்தி இன்றைக்கு நேரில் வந்து பெண்களைப் பொறுக்கி எடுக்கப் போகிறாள். அதற்குத்தான் பரீட்சை. ஒவ்வொரு பெண்ணும் வீட்டிலிருந்து ஒரு பெரிய ஆளைக் கூட்டி வர வேண்டும். அந்த ஆள் ஜெர்மன் நாட்டுக் கிழவனாகக் கட்டிலில் படுத்திருப்பார். ஜெர்மனிலேயே பேசி அவருக்கு ராச்சாப்பாடு கொடுக்க வேண்டும். முனீஸ்வரியின் அம்மா அழகம்மாளுக்கு மூட்டு வலி, மாடி ஏற முடியாது. அதனால் முத்திருளன் வந்தார். மகளுக்கு ஒத்தாசை பண்ணுகிற எண்ணமெல்லாம் அவருக்குக் கிடையாது. உள்ளே நடப்பதைக் கண்ணால் பார்க்க வேண்டும். களவாணித்தனம் என்று தெரிந்தால் கையோடு அவளை இழுத்துக்கொண்டு சொந்த ஊர் பரவைக்குப் பஸ் ஏறிவிட வேண்டும்.

மேலே ஒரு கூடம். சுவர் முழுக்க அந்த ஊர்ச் சமாசாரம். ஆறு, பாலம், கூர்க் கோபுரம் வைத்த கோயில், தோல் டவுசர் போட்டு ஆடுகிற ஆம்பளைகள், ரொட்டியில் எத்தனை வகை உண்டோ அத்தனைக்கும் படம். மூலையில் பிளாஸ்டிக் மரம் ஒன்று, ஜிகினா சுற்றிக்கொண்டு நின்றது. பெஞ்சியில் மைக்கேல்ராஜ் உட்கார்ந்திருந்தார். மிஷன் பள்ளிக்கூடத்தில் கிளார்க்காக இருந்து ஓய்வு பெற்றவர். மகள் ஆனிமேரிக்காக இப்போதுதான் கிழவனாகப் படுத்து எழுந்து வந்திருந்தார். முகத்தில் மாப்பிள்ளைக் களை.

"வாங்கண்ணே. ஒண்ணும் பயம் இல்ல. படுத்துக் கெடந்தாப் போதும். நான் ரெண்டு துண்டு ரொட்டி தின்னேன், அம்புட்டுத்தான்."

"பொம்பளப் பிள்ளைய ஏத்துமதி பண்றதுக்கு ரொட்டி வேற குடுக்கிறாய்ங்களா?"

மைக்கேல்ராஜ் சிரித்தார். "அப்படிச் சொல்லாதீங்க. ஜெர்மன்காரவுகளுக்கும் நமக்கும் பழைய ஒறவு. முந்நூறு வருசத்துக்கு முன்னாடியே ஒரு பாதிரியாரு தரங்கம்பாடியில வந்து எறங்கி, தமிழ் படிச்சு, தமிழ்ல புத்தகம் அச்சடிச்சாரு."

"அவரு இங்க வந்து தமிழ் படிச்சாருல்ல?"

"ஆமா."

"அப்ப இந்தக் கெழடு கட்டைகளையும் வரச் சொல்லுங்க. தமிழ் படிக்கட்டும். பரவையில கட்டில் போட்டு நானே கஞ்சி ஊத்துறேன். எம் மக எதுக்கு அங்க போகணும்?"

மைக்கேல்ராஜ் கைக்குட்டையை எடுத்துக் கழுத்தைத் துடைத்துக்கொண்டார்.

வகுப்பு நடத்துகிற கிளமெண்ட் வந்து முத்திருளனைத் தனியே அழைத்துப் போனார். நாற்பது வயது இருக்கும். பேச்சில் எண்ணெய் வழிந்தது.

"ஐயா, இந்தக் கட்டில்ல படுத்திருக்கிற வரைக்கும் நீங்க ஹெர் பெக்கர், அதாவது மிஸ்டர் பெக்கர். ரயில்வேல இருந்து ரிட்டயர் ஆனவரு. சம்சாரம் எறந்துட்டாங்க. சாயங்காலம் ஆறு மணி ஆனா ராச்சாப்பாடு. ரொட்டி, சீஸு, ஊற வச்ச வெள்ளரிக்கா. அங்க ராத்திரிக்கு அடுப்பு பத்த வைக்கிற பழக்கம் பல வீட்ல இல்ல. பரம்பரையா அப்படித்தான்."

"அம்புட்டுப் பணக்கார நாட்ல ராத்திரிச் சோத்துக்கு அடுப்பு இல்லையா? நல்லா இருக்குய்யா."

"அது அவங்க கலாச்சாரம்ங்கய்யா. நீங்க ஒண்ணும் பேச வேண்டாம். பிடிக்கலன்னா மட்டும் 'நைன்'னு சொல்லுங்க. வேணாம்னு அர்த்தம். நைன்னு சொல்லிட்டா உங்க மக உங்களத் தொடக் கூடாது, வாயில திணிக்கக் கூடாது. மார்க் போயிரும்."

முத்திருளன் நிமிர்ந்து பார்த்தார். "நைன்னா மார்க் போயிருமா?"

"வற்புறுத்தினாப் போயிரும்."

தன் மகளுக்கு வற்புறுத்தாமல் ஒரு காரியம் செய்யத் தெரியாது என்பது முத்திருளனுக்கு நன்றாகத் தெரியும். மாத்திரை போட மறந்தால் மூக்கைப் பிடித்துப் போடுகிறவள். அவர் வேட்டியை இறுக்கிக் கட்டிக்கொண்டு கட்டிலில் ஏறிப் படுத்தார். வந்ததிலிருந்து முதல் தடவையாக அவருக்குக் கொஞ்சம் சந்தோசமாக இருந்தது.

பலகைத் தடுப்பு போட்ட சின்ன அறை அது. மூலை நாற்காலியில் அந்த ஜெர்மன் அம்மா உட்கார்ந்திருந்தாள். பெயர் உர்சுலா என்றார்கள். வெள்ளை முடி, பருத்திச் சட்டை, முட்டியில் ஒரு அட்டை. முத்திருளனைப் பார்த்து மரியாதையாகத் தலையசைத்தாள். அவர் மோட்டுவளையைப் பார்த்தார்.

கதவைத் தட்டுகிற சத்தம் கேட்டது. பிறந்ததிலிருந்து எந்தக் கதவையும் தட்டாதவள் தட்டிவிட்டு நின்றாள். பிறகு மெல்லத் திறந்தாள்.

"குட்டன் ஆபெண்ட், ஹெர் பெக்கர்."

அவருக்குப் பற்றிக்கொண்டு வந்தது. வணக்கமாம், வாய் நிறைய மரியாதை. இத்தனை பதவிசாக ஒரு நாளாவது அவரை 'அப்பா' என்று கூப்பிட்டிருப்பாளா? தலையணையைத் தொடப் போய், தொடாமல் நின்று, ஏதோ கேட்டாள்.

"நைன்."

கையை எடுத்துக்கொண்டாள். தட்டைக் காட்டி வேறொன்று கேட்டாள்.

"நைன்."

தண்ணீர் டம்ளர்.

"நைன். நைன்."

இப்போது கத்துவாள் என்று காத்திருந்தார். கத்தவில்லை. ஒரு ஸ்டூலை இழுத்துப் போட்டு, அவர் கண்ணுக்கு நேராகத் தன் கண் வருகிற மாதிரி தணிந்து உட்கார்ந்தாள். அவசரமே இல்லாத ஒருத்தி மாதிரி இருந்தாள். கொஞ்ச நேரம் கழித்துத் தணிந்த குரலில் என்னமோ சொன்னாள். புரியவில்லை. புரியாத அந்தப் பேச்சில் இருந்த பொறுமை மட்டும் புரிந்தது. இந்தப் பொறுமையை எங்கே ஒளித்து வைத்திருந்தாள்? எந்த ஊர்க்காரனுக்கோ கொண்டு போய்க் கொடுக்கிறதுக்கா இத்தனை நாள் சேர்த்து வைத்தாள்?

முத்திருளன் சட்டென்று எழுந்து உட்கார்ந்தார்.

"போதும்த்தா. எந்திரி. வீட்டுக்குப் போவம்."

அவள் அசையவில்லை.

"காது கேக்குதா? நீ போயிட்டா உங்க ஆத்தாளுக்குக் கால் அமுக்கி விட யாரு இருக்கா? உங்கண்ணன் பொண்டாட்டியா திருப்பூர்ல இருந்து வருவா? நான் செத்துக் கெடந்தா ஒனக்கு எவன் வந்து சொல்லுவான்? எவனோ ஒரு பெக்கருக்கு ரொட்டி பிச்சுப் போடவாடி ஒன்னைய வளத்தேன்? போகாத. சொல்றேன்ல, போகாத."

கடைசி வார்த்தையில் அவர் குரல் உடைந்தது. அந்த உடைசல் அவருக்கே அசிங்கமாக இருந்தது.

மூலை நாற்காலிப் பக்கம் முனீஸ்வரி பார்க்கவே இல்லை. போர்வை ஓரத்தில் தன் கையை மல்லாத்தி வைத்தாள். பிடித்தால் பிடிக்கட்டும் என்பது போல. பிறகு ஜெர்மனில் பேசினாள். மெதுவாக, நீளமாக, ஒரு சொல்லும் தடுக்காமல். ஒரு வார்த்தை கூடத் தமிழ் இல்லை.

அவர் அந்தக் கையைப் பிடிக்கவில்லை. "நைன்," என்று சொல்லிவிட்டுச் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார். தோற்றாள், தொலைந்தது சனியன் என்று நினைத்தார்.

கைதட்டல் கேட்டது. உர்சுலா எழுந்து நின்று தட்டிக்கொண்டிருந்தாள், கண் கலங்கியிருந்தது. வேகவேகமாகப் பேசினாள். கிளமெண்ட் ஓடி வந்து தமிழில் சொன்னார்.

"ஐயா, பின்னிட்டீங்க. அங்க ஞாபகம் தப்பின பெரியவங்க நெறையப் பேரு இப்படித்தானாம். நர்ஸத் தான் பெத்த மகள்னு நெனச்சுக்கிட்டு, வீட்டுக்குக் கூட்டிட்டுப் போ, என்னைய விட்டுட்டுப் போகாதன்னு அழுவாங்களாம். எத்தனையோ ஊர்ல இந்தப் பரீட்சைய வச்சிருக்காங்களாம், இம்புட்டு அசலா நடிச்ச ஆளப் பாத்ததே இல்லையாம். முனீஸ்வரி அதுல கொஞ்சமும் கொழம்பல. எடுத்துட்டாங்க. மொத ஆளு உங்க மகதான்."

"நான் நடிக்கல."

கிளமெண்ட் சிரித்துக்கொண்டே அதையும் அந்த அம்மாவிடம் ஜெர்மனில் சொன்னார். அவள் இன்னும் பலமாகத் தட்டினாள்.

முத்திருளன் செருப்பை மாட்டிக்கொண்டு வெளியே வந்தார். கூடத்தில் மைக்கேல்ராஜ் கை கொடுக்க எழுந்தார். முத்திருளன் அந்தக் கையைக் கண்டுகொள்ளாமல் படிக்கட்டுக்குப் போனார். முனீஸ்வரி பின்னாலேயே வந்தாள்.

"என்ன சொன்ன நீ அங்க? தமிழ்ல சொல்லு."

"பாடத்துல உள்ளதுதான்."

"சொல்லு."

அவள் சுவரைப் பார்த்துச் சொன்னாள். "நீங்க வீட்ட நெனச்சு ஏங்குறீங்க, அது எனக்குப் புரியுது. பயப்படாதீங்க. நான் இங்கதான் இருக்கேன். உங்க கூடத்தான் இருப்பேன்."

"பொய்யி."

"பாடம்ப்பா அது."

"பாடத்துலயே பொய்யா? என்னா ஊருடி அது?"

"நீ மட்டும்?" அவள் முகம் சிவந்துவிட்டது. "போகாதன்னு வீட்ல வச்சு ஒரு தடவ சொல்லியிருக்கியா? ஏஜெண்டு களவாணி, படிப்பு டுபாக்கூரு, வெள்ளக்காரன் ஏமாத்திருவான், இதத்தான ஒரு வருசமாச் சொன்ன. உன் வாயில இருந்து அந்த ஒரு சொல்லு வர்றதுக்குப் பெக்கரு வேண்டியிருக்கு."

"சொல்லியிருந்தா இருந்திருப்பியா?"

"இல்ல. போகத்தான் செய்வேன். இங்க ஒரு வார்டு பூராவுக்கும் நான் ஒருத்தி. ஏய் நர்ஸுன்னு கூப்புடுறானுக. அங்க கதவத் தட்டிட்டு உள்ள போன்னு சொல்லிக் குடுக்குறாங்க. எனக்கும் தட்டிட்டுத்தான் வருவாங்க."

"எந்தக் கதவத் தட்டினாலும் கழுவப் போறது கெழவன் குண்டியத்தான."

"ஆமா. உனக்கும் வந்தாக் கழுவுவேன்."

"அதுக்கு நீ இங்க இருக்கணும்."

மேலேயிருந்து கிளமெண்ட் கூப்பிட்டார். "முனீஸ்வரி, போட்டோ எடுக்கணுமாம். பெக்கரு இல்லாம முடியாதுங்குறாங்க."

"வாரேன் சார்," என்றவள், அப்பாவைப் பார்த்தாள். "ஒரு நிமிசம்தான். வாப்பா."

"பெக்கரு செத்துட்டான்னு போய்ச் சொல்லு."

படியிறங்கி ரோட்டுக்கு வந்தார். வண்டிகளுக்கு நிற்காமல் குறுக்கே நடந்தார். ஆட்டோக்காரன் ஒருவன், "யோவ் பெருசு, வீட்ல சொல்லிட்டு வந்தியா?" என்றான். "ஒங்கப்பன்ட்டச் சொல்லிட்டு வந்தேன், போடா," என்று திருப்பிக் கொடுத்தார். பரவை பஸ் வந்து நின்றது. ஏறவில்லை. பஸ்ஸில் நின்றுகொண்டு யார் மூஞ்சியையும் பார்க்கப் பிடிக்கவில்லை. ஆரப்பாளையம் பக்கமாக வெயிலில் நடக்க ஆரம்பித்தார். பின்னால் செருப்புச் சத்தம் வருகிறதா என்று காது தானாகவே ஒருமுறை கூர்ந்தது. ஹாரன் சத்தம்தான் வந்தது.

"கூட இருப்பாளாம்ல," என்று வாய்விட்டுச் சொன்னார். எதிரே வந்த பூக்காரி ஒதுங்கி வழிவிட்டாள். "எவன்ட்டக் கதை விடுறா."

நடையை எட்டிப் போட்டார்.