ஏழாம் பதிப்பு

அட்டைப் பெட்டியைக் கத்தரிக்கோலால் கீறித் திறந்ததும் வக்கீலம்மா முதலில் பார்த்தது புத்தகத்தின் முதுகைத்தான். வாடகைச் சட்ட விளக்கவுரை, ஏழாம் பதிப்பு. கீழே தங்க எழுத்தில் மாமனார் பெயர். முன்னட்டையிலும் அவர்தான். உள்ளே, அச்சக முகவரிக்கும் விலைக்கும் நடுவில், கண்ணாடி போட்டால் மட்டும் தெரிகிற எழுத்தில் ‘திருத்தங்களில் உதவி’ என்று போட்டு அவள் பெயர் இருந்தது. உதவியாம். அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

மாமனார் பெரிய வக்கீல், அதில் இரண்டாவது பேச்சு இல்லை. பழைய வாடகைச் சட்டத்துக்கு அவர் எழுதிய உரை கோர்ட்டுகளில் வேதவாக்கு. சட்டப் புத்தகங்களில் ஒரு வழக்கம் உண்டு. எழுதியவர் போய்ச் சேர்ந்தாலும் புத்தகம் சாகாது. யாராவது புதுத் தீர்ப்புகளைச் சேர்த்துக் கொடுக்க, அடுத்த பதிப்பு பழைய பெயரிலேயே வரும். ஐந்தாம் பதிப்பும் ஆறாம் பதிப்பும் அப்படித்தான் வந்தன. சேர்த்துக் கொடுத்தது அவள்தான், தன் பெயரைப் போடச் சொல்லிக் கேட்கவில்லை. ஆனால் அதற்கப்புறம் அரசாங்கம் அந்தச் சட்டத்தையே தூக்கிக் கடாசிவிட்டுப் புதுசாக ஒன்றைப் போட்டது. பழைய உரை பொட்டலம் கட்டத்தான் ஆகும். காலையில் கோர்ட்டு, மாலையில் கட்சிக்காரர்கள், நடுவில் குக்கர் விசில் என்று அல்லாடிக்கொண்டே முதல் வரியிலிருந்து கடைசி வரிவரை அவளே எழுதியது இது. இந்த முறை உங்கள் பெயர்தான் முதுகில் என்று பதிப்பாளர் வாயாரச் சொல்லியிருந்தார்.

போன் செய்தாள். பதிப்பாளர் முதலில் காகித விலையைப் பற்றிப் புலம்பினார். பிறகு மெதுவாக விஷயத்துக்கு வந்தார். “யானை இருந்தாலும் ஆயிரம் பொன், இறந்தாலும் ஆயிரம் பொன்மா. வக்கீலுங்க அந்தப் பேரைப் பாத்துத்தான் கை வைக்கிறாங்க.” போதாக்குறைக்கு, புத்தகத்தின் பதிப்புரிமை வைத்திருக்கும் அவள் கணவரின் அண்ணன், அப்பா பெயருக்குப் பக்கத்தில் இன்னொரு பெயர் வரக்கூடாது என்று கறாராகச் சொல்லிவிட்டாராம். அண்ணன் பல் டாக்டர். அந்தப் புத்தகத்தை அவர் கடைசியாகத் தொட்டது வீட்டுக்கு வெள்ளையடித்தபோது.

கணவரோ இட்ட சாப்பாட்டிலிருந்து தலை நிமிராமல், “நம்ம அப்பா பேருதானே, விடு” என்றார். நம்ம அப்பா இல்லை, உங்க அப்பா. என் அப்பா லாரி ஓட்டினார். சொல்ல வேண்டும்போல் இருந்தது. கோர்ட்டுக்கு நேரமாகிவிட்டதால் புத்தகத்தைப் பையில் திணித்துக்கொண்டு கிளம்பினாள்.

அன்று ஒரு தையல்காரம்மாவின் வழக்கு. வாடகைக் கடையில் மெஷின் போட்டு அந்தத் தெருவிலேயே பாதி ஆயுளைக் கழித்தவள். என் மகனுக்குக் கடை வேண்டும், காலி செய் என்கிறார் கட்டிட உரிமையாளர். இரண்டு வாசல் தள்ளி அவருக்கே ஒரு கடை பூட்டிக் கிடக்கிறது. அதை மனுவில் மூச்சுவிடவில்லை. அப்படி மறைத்தவருக்குக் காலி செய்யச் சொல்ல உரிமையில்லை என்று வக்கீலம்மா தொண்டை வற்ற வாதாடினாள். செவிடன் காதில் ஊதிய சங்குதான். நீதிபதி அடுத்த வழக்கின் கட்டைப் புரட்டிக்கொண்டே, அப்படிச் சட்டத்தில் எங்கே இருக்கிறது, தீர்ப்பு ஏதாவது உண்டா என்று கேட்டார். புதுச் சட்டத்துக்கு ஏது தீர்ப்பு? பின் பெஞ்சில் தையல்காரம்மா, கழுத்தில் கிடந்த அளவு டேப்பைக் கழற்றக்கூட மறந்து வந்திருந்தவள், அதை விரலில் சுற்றிச் சுற்றி அவிழ்த்துக்கொண்டிருந்தாள்.

வேறு வழியில்லாமல் வக்கீலம்மா பையிலிருந்து புத்தகத்தை எடுத்தாள். மாமனார் பெயரைச் சொன்னதுமே நீதிபதி நிமிர்ந்து உட்கார்ந்தார். அவள் படித்தாள்: ‘சொந்த உபயோகம் என்று கேட்டு வருபவர், தன் கையில் காலியாக இருக்கும் வேறு இடத்தைச் சொல்லியே ஆகவேண்டும். மறைத்தால் மனு நிற்காது.’ இவ்வளவு நேரம் அவள் சொன்னதும் இதேதான்.

எதிர்த்தரப்பு வக்கீல் எழுந்தார். “பெரியவர் இந்தச் சட்டம் வர்றதுக்கு முன்னாடியே காலமாயிட்டாரே ஐயா. இதை எழுதினது யாரு?”

நீதிபதி கண்ணாடியைக் கழற்றிவிட்டு அவளைப் பார்த்தார். “யாரும்மா எழுதினது?”

யாராவது ஒருவர் கேட்கமாட்டார்களா என்று அவள் ஏங்கிய கேள்வி. நான் என்று ஒரு வார்த்தை போதும். சொன்னால் அது வெறும் அவளுடைய வாதம், அச்சடித்த வாதம், அவ்வளவுதான். தையல் மெஷின் தெருவுக்கு வந்துவிடும்.

“என் மாமனாரோட புத்தகம் ஐயா” என்றாள். “குடும்பத்துல பாத்துக்கிட்டு வர்றோம்.”

நீதிபதி புத்தகத்தை வாங்கி அந்தப் பத்தியை இரண்டு முறை படித்தார். “அவர் நடைதான். இப்படி எழுத இப்ப யாரு இருக்கா?” என்றார். எதிர்த்தரப்பு வக்கீல் உட்கார்ந்துவிட்டார். மனுவைத் தள்ளுபடி செய்து உத்தரவைச் சொல்லிக்கொண்டே வந்த நீதிபதி நூலாசிரியர் பெயரில் நின்று, தப்பாகிவிடப் போகிறது, இனிஷியலோடு சொல்லுங்கள் என்றார். தட்டச்சு செய்கிற பெண் விசையில் விரல் வைத்து அவள் முகத்தையே பார்த்தாள். வக்கீலம்மா ஒவ்வொரு எழுத்தாக, நிறுத்தி நிதானமாக மாமனார் பெயரைச் சொன்னாள். அந்தப் பெண்ணுக்குச் சரியாகக் கேட்கவில்லைபோல. இன்னும் கொஞ்சம் உரக்க, மறுபடியும் முதலிலிருந்து சொன்னாள்.