நடக்கும் தொப்பியும் உட்காரும் தொப்பியும்

அந்தச் சனிக்கிழமை மதியம் ஏவிஸ் பில்லிங்கின் தொப்பிக் கடையில் இருந்தவர்கள்:

நோரீன் டேட்டர்சால், பெண்ணின் அம்மா. பள்ளிக்கூடச் சமையலறையில் வேலை. தொப்பி அவளுக்குத்தான்.

லியான், கல்யாணப் பெண். கல்யாணத்துக்கு இன்னும் ஐந்து வாரம்.

பெரில், நோரீனின் அக்கா. இவளை யாரும் கூப்பிடவில்லை.

ராசலிண்ட் ஃபேர்கிளஃப், மாப்பிள்ளையின் அம்மா. இவளையும் யாரும் கூப்பிடவில்லை. ஆனால் இவள் வந்தால் கூப்பிட்டுத்தான் வந்தாள் என்று எல்லோரும் நடிக்க வேண்டும்.

ஏவிஸ் பில்லிங், கடைக்காரி.

சுவர் கொள்ளாமல் முந்நூறு தொப்பிகள்.

மாப்பிள்ளை வரவில்லை. அவனுக்கு இங்கே வேலையில்லை. கல்யாணத்திலும் பெரிதாக வேலை இருக்கும் என்று தோன்றவில்லை.

கடை கறிக்கடையின் மாடியில் இருந்தது. லங்காஷையரின் அந்தப் பக்கத்தில் தொப்பியை யாரும் விலைக்கு வாங்குவதில்லை. வெள்ளிக்கிழமை வாடகைக்கு எடுத்து, சனிக்கிழமை ராணி மாதிரி வைத்துக்கொண்டு, திங்கட்கிழமை திருப்பிக் கொடுத்துவிட்டு வேலைக்குப் போவார்கள். ஒரே தொப்பியின் கீழ் ஏழு அம்மாக்கள் அழுதிருப்பார்கள். எல்லாத் தொப்பியிலும் லேசாகப் பன்றிக்கறி வாசனை அடிக்கும். பழகினவர்களுக்குத் தெரியாது. ராசலிண்டுக்குத் தெரிந்தது. மாடிப்படி ஏறியதிலிருந்து அவள் மூக்கால் மூச்சு விடவே இல்லை.

நோரீனுக்கு வாசனை ஒரு பொருட்டில்லை. ஐந்நூறு பிள்ளைகளுக்கு முட்டைக்கோஸ் வேகவைக்கிறவள். அவள் மனசு முழுக்க வேறொன்றில் இருந்தது. இரண்டு மாதத்துக்கு முன்னால் ஒரு ராத்திரி சாப்பாட்டு மேஜையில் லியான் அவள் கையைப் பிடித்துக்கொண்டு, சர்ச்சில் வாசலிலிருந்து பீடம்வரை தன்னைக் கைபிடித்துக் கூட்டிக்கொண்டு நடக்க அம்மாதான் வரவேண்டும் என்று கேட்டிருந்தாள். அழுதுகொண்டே கேட்டாள். அன்றிலிருந்து நோரீன் ஆளில்லாத நேரத்தில் பள்ளிக்கூட வராந்தாவில் மெதுவாக நடந்து பார்த்தாள். ஐம்பத்தெட்டு வயதில் நடை பழகுகிறோமே என்று வெட்கமாக இருந்தது. ஆனாலும் பழகினாள்.

லியானின் அப்பா டெரெக், பெண்ணுக்கு ஏழு வயதாகும்போது ப்ளாக்பூலில் கார்ப்பெட் விற்ற ஒருத்தியோடு போனவன். பிறந்தநாளுக்கு அட்டை அனுப்புவான். சில வருஷம் சரியான தேதியில்கூட வரும்.

முதல் ஒரு மணி நேரம் இப்படிப் போயிற்று. நோரீன் ஒரு தொப்பியை எடுப்பாள். ராசலிண்ட் தலையை ஒரு பக்கம் சாய்த்துப் பார்த்து, அழகாகத்தான் இருக்கிறது, ஆனால், என்பாள். அந்த ஆனாலுக்குப் பிறகு ஒரு காரணம் வரும். அகலமான தொப்பி போட்டோவில் முகத்தை மறைக்கும். உயரமானது உயரமானவர்களுக்குத்தான். நீலம் நோரீனின் நிறத்துக்கு எடுக்காது. வெளிர் நீலம் இன்னும் எடுக்காது. கருநீலம் துக்க வீட்டுக்குப் போவது போல இருக்கும். கடைசியில் அவளே சுவரிலிருந்து ஒன்றை எடுத்து வந்தாள். தொப்பிகூட இல்லை அது. தலையில் கவ்விக்கொள்ளும் ஒரு சின்ன வளையம், அதன்மேல் மூன்று இறகு.

இது அடக்கமாக இருக்கும் என்றாள்.

பெரில் அதைச் சுற்றிச் சுற்றிப் பார்த்தாள். "வண்டில அடிபட்ட புறா மாதிரி இருக்கு. எடுத்துக்கோடி நோரீன், பாவம், உயிர் இருந்தாலும் இருக்கும்."

ராசலிண்ட் சிரித்தாள். அவர்கள் வீட்டில் குதிரை வளர்க்கிறார்கள். குதிரை உதைக்க வரும்போது சிரித்துக்கொண்டே விலகப் பழகியவள்.

இதுவரை ஏவிஸ் வாயைத் திறக்கவில்லை. முப்பது வருஷமாகப் பெண்ணின் அம்மாக்களையும் மாப்பிள்ளையின் அம்மாக்களையும் கண்ணாடியில் பார்த்து வருகிறவள். தூசி தட்டிக்கொண்டே, உங்கள் தொப்பி நீலமா அம்மா என்று ராசலிண்டைக் கேட்டாள்.

இங்கே ஒரு சட்டம் உண்டு. எந்தப் புத்தகத்திலும் இல்லை, எல்லோர் வயிற்றிலும் இருக்கிறது. பெண்ணின் அம்மாதான் முதலில் தொப்பி எடுக்க வேண்டும். எடுத்துவிட்டு நிறத்தையும் அளவையும் மாப்பிள்ளையின் அம்மாவுக்குச் சொல்லி அனுப்ப வேண்டும். அவள் அதற்குப் பிறகு, அதற்குப் பொருந்துகிற மாதிரி, அதைவிட ஒரு விரல் சின்னதாக எடுக்க வேண்டும். புருஷனை ஏமாற்றினவளைக்கூட இந்த ஊர் சேர்த்துக்கொள்ளும். இந்த முறையில் முந்திக்கொண்டவளைச் சேர்க்காது.

ராசலிண்ட் சும்மா பார்த்து மட்டும் வைத்திருப்பதாகச் சொன்னாள். ஏவிஸ் தூசி தட்டுவதை நிறுத்தவில்லை. அப்புறம் ராசலிண்ட், லண்டனில் ஒருத்தியிடம் தலை அளவு கொடுத்ததாகச் சொன்னாள். எப்போது என்று பெரில் கேட்டாள். ஜனவரியில். நீலம். விளிம்பு இவ்வளவு, என்று கையை விரித்துக் காட்டினாள். காட்டும்போது கை அவளை மீறிக்கொண்டு விரிந்தது. அந்தத் தொப்பி வைத்துக்கொண்டு கதவில் நேராக நுழைய முடியாது.

பெரில் ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். கால்பந்து பார்க்க உட்காருகிறவர்கள் அப்படித்தான் உட்காருவார்கள்.

நோரீன் அந்தப் புறாவையே எடுத்துத் தலையில் வைத்துப் பார்த்தாள். கோபம் வரவில்லை என்பதில்லை. ஆனால் நடக்கப் போகிறவள் அவள். லண்டன் தொப்பி எவ்வளவு அகலமாக இருந்தாலும் பெஞ்சில் உட்கார்ந்துகொண்டுதான் இருக்கும். எல்லோரும் திரும்பிப் பார்க்கும்போது பெண்ணின் கை தன் கையில் இருக்கும். அது போதும், நீலத்தை அவளே வைத்துக்கொள்ளட்டும் என்று நினைத்தாள். வேறு ஏதாவது காட்டச் சொன்னாள்.

ஏவிஸ் அளவு நாடாவைக் கழுத்திலிருந்து எடுத்தாள். "ஒன்னு மட்டும் கேக்கணும் கண்ணு. நீங்க நடக்கப் போறீங்களா, உக்காரப் போறீங்களா?"

அவள் எல்லா அம்மாக்களிடமும் கேட்கிற கேள்விதான். உட்காருகிற அம்மாவுக்கு எந்தத் தொப்பியும் ஆகும். பெண்ணைக் கூட்டிக்கொண்டு நடக்கிற அம்மாவுக்கு, பெண் வருகிற பக்கம் விளிம்பு மேலே மடங்கியிருக்க வேண்டும். இல்லையென்றால் பெண்ணின் முக்காட்டு வலையில் மாட்டிக்கொள்ளும். ஒரு தடவை தேவாலய வாசலிலேயே அப்படி மாட்டி, வலையும் ஒரு கொத்து முடியும் கையோடு வந்துவிட்டதாம். பெண் மிச்சப் பாதையைத் தலையைப் பிடித்துக்கொண்டே நடந்தாளாம்.

"நடக்கறேன்," என்றாள் நோரீன்.

கீழே கறிக்காரர் எலும்பை வெட்டுகிற சத்தம் கேட்டது. நான்கு வெட்டு. லியான் ஜன்னலோரம் போய் நின்றுகொண்டாள்.

"லியான்," என்றாள் ராசலிண்ட். "நீ இன்னும் சொல்லலையாம்மா?"

லியான் சொன்னாள். ஜன்னலைப் பார்த்துக்கொண்டு சொன்னாள். கூட நடந்து வரும்படி பத்து நாளைக்கு முன்னால் அப்பாவிடம் போனில் பேசியாகிவிட்டது. அவர் கோட்டுக்கு அளவுகூடக் கொடுத்துவிட்டார். அம்மாவிடம் நேரம் பார்த்துச் சொல்லலாம் என்றுதான் இருந்தாள். இன்றைக்குச் சொல்லலாம் என்றுதான் வந்தாள். மாப்பிள்ளை வீட்டில் எல்லோரும் அப்படித்தான் எதிர்பார்ப்பார்கள், போட்டோவில் நன்றாக இருக்கும், அம்மா முன்வரிசையில் வசதியாக உட்காரலாம். ஒவ்வொரு வாக்கியமும் ராசலிண்டின் வாயிலிருந்து கடன் வாங்கியது என்பது குரலிலேயே தெரிந்தது.

"டெரெக்கா?" என்றாள் பெரில். "அவன் கார்ப்பெட் கண்ட பக்கமால்ல நடப்பான்."

ராசலிண்ட் அதைக் கேட்காத மாதிரி நோரீனின் தோளில் கை வைத்தாள். "தப்பா எடுத்துக்காதீங்க. பொண்ண அப்பாதான் கூட்டிட்டு வரணும். அது முறை. முறைய மாத்தினா பாக்கறவங்களுக்கு நல்லா இருக்காது."

நோரீன் கண்ணாடியில் லியானைப் பார்த்தாள். தலையில் இன்னும் அந்தப் புறா இருந்தது. அதைக் கழற்றி மேஜையில் வைத்தாள். உட்காருகிற அம்மாவுக்கென்று ஏவிஸ் எடுத்த பெரிய பழுப்புத் தொப்பியையும் வேண்டாம் என்று கையால் தள்ளினாள்.

"அப்ப எனக்குத் தொப்பி வேண்டாம்."

ராசலிண்ட் முதலில் மகிழ்ந்துதான் போனாள். அது ரொம்ப எளிமையாக, ரொம்ப நோரீனாக இருக்கும் என்றாள். ஏவிஸ் இருமினாள்.

"வெறுந்தலையா வர்றது அவங்க இஷ்டம்மா. ஆனா பொண்ணோட அம்மா வெறுந்தலைன்னா வேற யாரும் தொப்பி போடக்கூடாது. மாப்பிள்ளையோட அம்மா கண்டிப்பா கூடாது. அதுவும் முறைதான்."

ராசலிண்டின் சிரிப்பு இருந்த இடத்திலேயே இருந்தது. மற்றதெல்லாம் முகத்தைவிட்டுப் போய்விட்டது. அவள் பக்கத்திலிருந்து நாற்பத்தொரு பெண்கள் வருகிறார்கள். நாற்பத்தொரு பேரும் தொப்பி வாங்கியாகிவிட்டது. நார்ஃபோக்கில் இருக்கிற அத்தை ஒருத்தி தொப்பிக்காகவே தலைமுடியைக் குறைத்துக்கொண்டாள். இவளுடைய லண்டன் தொப்பிக்கோ மூன்று தடவை ரயிலேறிப் போய்த் தலையைக் காட்டியிருக்கிறாள். இந்தக் காலத்தில் இதையெல்லாம் யார் பார்க்கிறார்கள் என்று ஏவிஸைக் கேட்டாள். பார்க்கிறவர்கள் பார்ப்பார்கள், உங்கள் பக்கத்தில் பார்க்கிறவர்கள் அதிகம் என்று கேள்வி, என்றாள் ஏவிஸ்.

நோரீனுக்குச் சின்னதாக ஏதாவது, ஒரு ரிப்பனாவது, என்று ராசலிண்ட் ஆரம்பித்தாள். அந்தப் புறாவைக்கூடத் திரும்ப எடுத்து நீட்டினாள். பிறகு கெஞ்சினாள். கெஞ்சிப் பழக்கமில்லாததால் அது உத்தரவு மாதிரியே வந்தது.

"நடந்தா தொப்பி," என்றாள் நோரீன். "உக்காந்தா வெறுந்தலை. நீங்களே சொல்லுங்க."

அப்படிச் சொன்னாளே தவிர, அவள் கண் ராசலிண்ட் மேல் இல்லை. கண்ணாடியில் ஜன்னலோரத்தில் நின்ற உருவத்தின் மேல் இருந்தது. அந்தப் பெண் இப்போது ஒரு வார்த்தை சொன்னால் போதும். எங்கம்மாதான் நடப்பாங்க என்று வேண்டாம், அம்மா என்று மட்டும் சொன்னால்கூடப் போதும். நோரீன் காத்திருந்தாள். ஒரு நிமிஷம் இருக்கும். லியான் ராசலிண்டின் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள், என்ன முடிவாகிறது என்று தெரிந்துகொள்ள.

ராசலிண்ட் யோசித்தாள். தராசின் ஒரு தட்டில் பெண்ணின் அப்பா. இன்னொரு தட்டில் லண்டன் தொப்பி. அப்பா எடை குறைவாக இருந்தார்.

காலம் மாறிவிட்டது என்றாள் ராசலிண்ட். அம்மா கூட்டிக்கொண்டு வருவது ரொம்ப நெகிழ்ச்சியாக இருக்கும், தனக்கு ஆரம்பத்திலிருந்தே அப்படி ஒரு எண்ணம் உண்டு என்றாள். டெரெக்கிடம் தானே பேசுவதாகச் சொல்லி, போனை எடுத்துக்கொண்டு படிக்கட்டுக்குப் போனாள். இரண்டு நிமிஷத்தில் வந்துவிட்டாள். அவன் பெருந்தன்மையாக ஒத்துக்கொண்டானாம். வரவேற்பில் சாராயம் உண்டா என்று மட்டும் கேட்டானாம்.

"பாத்தியாம்மா," என்றாள் லியான், "எல்லாம் சரியாயிடுச்சு." நிஜமாகவே சந்தோஷமாக இருந்தாள். அவளைப் பிடித்துவைத்திருந்த பல்வலி பத்து நாளுக்குப் பிறகு விட்டமாதிரி.

நோரீன் கேட்டது அப்படியே கிடைத்துவிட்டது. கொடுத்த கைதான் வேறு. திருப்பிக் கொடுத்துவிடலாமா என்று ஒரு கணம் நினைத்தாள். அப்படித் திருப்பிக் கொடுக்கிறதெல்லாம் வசதியுள்ளவர்கள் செய்வது. அவள் வைத்துக்கொண்டாள்.

நீலத்தையே எடு, அவள் கைவிரித்துக் காட்டினதைவிட ஒரு விரல் பெரிதாக எடு என்று பெரில் காதில் ஓதினாள். நோரீன் வேண்டாம் என்றாள். ஏவிஸ் எடுத்துக் கொடுத்த நடக்கும் தொப்பிகளில் இரண்டாவதையே வைத்துக்கொண்டாள். செம்பழுப்பு, வலப்பக்கம் விளிம்பு மடங்கியது. நன்றாக இருக்கிறதா என்று யாரையும் கேட்கவில்லை. பெரில் ஆட்டம் முடிந்தது என்று எழுந்து, ராத்திரிக்குக் கறி வாங்கக் கீழே போனாள். ராசலிண்ட் மணியைப் பார்த்தாள். கேக் ருசி பார்க்க ஆறு மணிக்கு வரச் சொல்லியிருக்கிறார்கள், காரை எடுக்கிறேன், லியான் சீக்கிரம் வா என்று போய்விட்டாள். படி இறங்கும்போதே மூக்கால் மூச்சு விட்டது மேலே வரை கேட்டது.

லியான் வாசல்வரை போய் நின்றாள்.

"கோவமாம்மா?"

ஏவிஸ் தொப்பிக்குள் ஊசி குத்தி அளவு பிடித்துக்கொண்டிருந்தாள். நோரீனால் தலையைத் திருப்ப முடியாது.

"நீ ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்."

"சொல்றதுக்குள்ள நீங்க எல்லாரும் பேசி முடிச்சிட்டீங்களேம்மா."

லியான் திரும்பி வந்து அம்மாவின் வலப்பக்கம் நின்றாள். விளிம்பு மடங்கிய பக்கம். கன்னத்துக்குக் கன்னம் வைக்கத் தாராளமாக இடம் இருந்தது. அவள் குனிந்து காத்திருந்தாள். ஏவிஸ் மரியாதைக்கு ஊசியை எடுத்துக்கொண்டு ஓரடி பின்னால் நகர்ந்தாள். இப்போது நோரீனால் தலையைத் திருப்ப முடியும்.

"போ," என்றாள் நோரீன், கண்ணாடியைப் பார்த்தபடி. "கார் நிக்குது."

"அஞ்சு வாரத்துல எல்லாம் மறந்துடுவம்மா நீ."

"நடக்கறப்ப காலை மட்டும் மெதுவா வை. எனக்கு முட்டி வலி."

கீழே ஹாரன் ஒரு தடவை அடித்தது. லியான் இன்னும் ஏதோ வேண்டியவள் போல நின்றாள். மன்னிப்பாக இருக்கலாம். இந்தக் கடையில் அது வாடகைக்குக் கிடைப்பதில்லை. ஏவிஸ் அவள் முழங்கையை மெல்லத் தொட்டு, அம்மா தொப்பிக்கு இன்னும் உள்பட்டி தைக்க வேண்டும், வெளியாள் இருந்தால் கை ஓடாது, என்று வாசலுக்கு நடத்திக்கொண்டு போனாள். வெளியாள் என்ற சொல்லை லியான் கவனித்தாளோ இல்லையோ, நோரீன் கவனித்தாள். திருத்தவில்லை.

படியில் குதிகால் சத்தம் இறங்கியது. ஏவிஸ் கதவைச் சாத்தி, சாவியை இரண்டு சுற்றுத் திருப்பினாள்.