முதுகு பேசிய வசனம்

அடெல்மோ ஃபுர்லான் அதுவரை முப்பத்தொரு படங்களில் நடித்திருந்தார். பாதிரியார், போலீஸ் ஏட்டு, மணப்பெண்ணின் சித்தப்பா, சவப்பெட்டிக்குத் தோள் கொடுக்கிறவர். போர் முடிந்தபின் ரோமில் எடுத்த படங்களுக்கு அவர் முகம் தேவைப்பட்டுக்கொண்டே இருந்தது. குரல் தேவைப்படவில்லை. படப்பிடிப்பில் ஒலி பிடிக்கிற வழக்கம் இல்லை. பிறகு எங்கள் பதிவுக்கூடத்தில் வேறு யாராவது பேசிச் சேர்ப்பார்கள். அவருக்குப் பேசுகிறவர் கல்லிஸ்தோ. அந்தக் குரல் மாதாகோயில் மணி. அடெல்மோவுக்கோ மூக்கால் வருகிற மெல்லிய குரல், அதிலும் வடக்கத்தி இழுப்பு.

பேச வேண்டிய காட்சியின் பிலிமை வெட்டி, வளையமாக ஒட்டி, திரும்பத் திரும்ப ஓட்டுவது என் வேலை. ஒருநாள் அடெல்மோ அங்கே வந்து உட்கார்ந்தார்.

"இர்மா, காபிக் கடையில ஒருத்தன் 'ஏட்டு வேஷம் போட்டவர்தானே நீங்க'ன்னு கையெழுத்து வாங்கினான். 'ஆமாம்ப்பா'ன்னேன். 'சேச்சே, ஆள் மாறிப்போச்சு'ன்னு காகிதத்தைத் திருப்பிக் குடுத்துட்டுப் போயிட்டான்."

"சிரிக்கட்டுமா அண்ணே?"

"சிரி. ஆனா ஒரு படத்துலயாவது என் குரல் வரணும். சாகறதுக்குள்ள."

அப்போதுதான் ஒரு படத்தில், மகனை வீட்டைவிட்டு விரட்டுகிற அப்பாவாக நடித்து முடித்திருந்தார். அவர் வாழ்க்கையிலேயே நீளமான காட்சி அது. இரண்டு வாரம் டைரக்டரின் பின்னாலேயே அலைந்தார்.

"சரிய்யா, உயிரை வாங்காதே. வியாழக்கிழமை காலைல ஒரு மணி நேரம். சரிவரலைன்னா கல்லிஸ்தோ பேசுவான்."

வியாழக்கிழமை கழுத்தில் கம்பளித்துணி சுற்றிக்கொண்டு வந்தார். வசனம் முழுவதும் மனப்பாடம். வளையத்தை ஓட்டினேன். பேசினார். அவர் பேசி முடித்தும் திரையில் வாய் அசைந்துகொண்டே இருந்தது. மறுபடி ஓட்டினேன். இப்போது வாய் மூடிவிட்டது, அவர் பேசிக்கொண்டிருந்தார்.

டைரக்டர் கையைத் தூக்கினார். "நிறுத்து. ஷூட்டிங்ல என்னய்யா சொன்னே?"

அடெல்மோ தரையைப் பார்த்தார். "எண்ணினேன்."

"எதை?"

"ஒண்ணு, ரெண்டு, மூணு... எல்லாரும் அப்படித்தானே பண்றோம் சார்? எவனோ பேசப்போறான்னு நானும்..."

"அழற இடத்துல?"

"முப்பத்தெட்டுலேர்ந்து நாப்பத்திமூணு."

"நல்லாத்தான்யா அழுதிருக்கே."

மூலையில் பேரிக்காய் தின்றுகொண்டிருந்த கல்லிஸ்தோ எழுந்து வந்தார். "அண்ணே, இருபத்தேழுல வாய் பெருசாத் திறக்குது பாருங்க. அங்க 'அப்பா'ங்கிற வார்த்தையைக் கொண்டுபோய் வைங்க. இத்தனை வருஷமா உங்க கணக்குப் பாடத்தை நான்தானே வசனமாக்கிட்டிருக்கேன்?"

பதினோரு தடவை ஓட்டினேன். 'அப்பா' இருபத்தொன்பதில் போய் விழுந்தது. ஒரு மணி நேரம் முடிந்தது. கல்லிஸ்தோ கையைத் துடைத்துக்கொண்டு நின்றார். ஒரே தடவையில் பேசி முடித்தார். அடெல்மோ நாற்காலியில் கம்பளித்துணியை மடித்துக்கொண்டிருந்தார்.

காட்சியின் கடைசியில் அப்பா ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள்வார். டைரக்டர் திரையைக் காட்டினார்.

"யோவ், இங்க முதுகுதான் தெரியுது. இதை நீ சொல்லு."

"நிஜமாவா சார்?"

"மனசு மாறறதுக்குள்ள வா."

அடெல்மோ சொன்னார்: "கதவைச் சாத்திட்டுப் போ."

"போதும்," என்றார் டைரக்டர்.

படம் வந்ததும் ஞாயிற்றுக்கிழமை மதிய ஆட்டத்துக்கு அடெல்மோ என்னையும் அழைத்துப் போனார். அந்த இடம் வந்தபோது எங்களுக்கு முன்வரிசைப் பெண்மணி கணவரைத் தட்டினாள்.

"யாருங்க இப்பப் பேசினது? வீட்டுக்குள்ள இன்னொருத்தன் இருக்கானா?"

"வேலைக்காரனா இருக்கும். பேசாமப் பாரு."

அடெல்மோ முன்னால் குனிந்தார். "நான்தாம்மா பேசினேன்."

"படம் பாக்க விடுங்கய்யா!"

அவர் சாய்ந்துகொண்டார். "அந்தம்மாவுக்குக் கேட்டிருக்கு, பாத்தியா?" என்றார் என்னிடம்.

"கேட்டுச்சு அண்ணே."

விளக்கு எரிந்தது. எல்லோரும் எழுந்தார்கள், அவர் எழவில்லை. அடுத்த ஆட்டத்துக்கும் அங்கேயே உட்கார்ந்திருந்தோம்.