மூன்றாம் நாள் தாதிக் குறிப்பு

சன்னாசியின் கோப்பு மேசைக்கு வந்து நான்கு நாளாகியும் தினேஸ்வரி அதை முடிக்கவில்லை. ஈப்போவில் ஒரு தனியார் மருத்துவமனையிலிருந்து வீடு திரும்பியவர்கள், திரும்பாதவர்கள் எல்லாருடைய கோப்புகளையும் படித்து, நோய்க்குரிய குறியீட்டு எண்ணைப் போடுவதுதான் அவள் வேலை. பன்னிரண்டு வருடத்தில் எத்தனையோ சாவுகளுக்கு எண் போட்டிருக்கிறாள். ஆனால் இது பக்கத்து வீட்டுச் சாவு. தெரிந்தவர் கோப்பென்றால் இன்னொருவரிடம் கொடுத்துவிட வேண்டும் என்பது ஒழுங்கு. அவள் கொடுக்கவில்லை.

குனோங் ராபாட்டில் அவள் வீட்டுச் சுவருக்கு அந்தப் பக்கம்தான் சன்னாசியும் அவர் மனைவி மங்களமும். செம்பனைக் குலை ஏற்றும் லோரி ஓட்டிய மனிதர். லோரியிலிருந்து விழுந்து, ஆறு வருடம் முதுகுவலியோடு மல்லுக்கட்டினார். கடைசியில் கம்பெனி செலவில் ஒரு கருவி வைத்தார்கள். தண்டுவடத்தருகே மெல்லிய கம்பி, இடுப்புக்கு மேலே தோலுக்கடியில் பேட்டரி. வலி மூளைக்குப் போகிற வழியை மின்சாரம் மறிக்கும் என்றார் டாக்டர். ஆறாம் நாள் வீட்டுக்கு அனுப்பினார்கள். ஒரு மாதம்கூட ஆகவில்லை, தொற்று கம்பி வழியே உள்ளே ஏறி மனிதர் போய்ச் சேர்ந்தார்.

இடையில் மங்களம் ஒரு காரியம் செய்திருந்தாள். தையல் கசிவதைப் பார்த்துவிட்டு, தான் வளர்ந்த ரப்பர் தோட்டத்தில் எந்தப் புண்ணுக்கும் வைப்பதைப் போல மஞ்சளை எண்ணெயில் குழைத்துப் பூசினாள். அவரைத் திரும்ப மருத்துவமனைக்குக் கொண்டுபோனபோது டாக்டர் அதைப் பார்த்து முகம் சுளித்தார். “இப்படிப் பண்ணிட்டீங்களே” என்றார். அவருக்கென்ன, சொல்லிவிட்டு அடுத்த கட்டிலுக்குப் போய்விட்டார். மங்களத்துக்கு அது நெஞ்சில் முள்ளாகத் தைத்துவிட்டது. கருமாதி முடிந்தும் அவள் சமையலில் மஞ்சள் விழவில்லை. “என் கையாலயே கொன்னுட்டேன், தினேசு” என்று தினமும் வேலிக்கு மேலாகச் சொல்வாள்.

டாக்டர் கோப்பிலும் அதையே எழுதியிருந்தார்: வீட்டு வைத்தியத்தால் அறுவைப் புண்ணில் தொற்று. அதற்கு எண் T81.4. உள்ளே வைத்த கருவியால் வந்த தொற்றென்றால் T85.7. அந்த எண்ணைப் போட்டால் மருத்துவமனை தன் கருவியையும் தன் அறுவை அறையையும் திரும்பிப் பார்க்க வேண்டிவரும். யாருக்கு அந்த ஆசை?

ஆனால் தாதியின் குறிப்பு ஒன்று இருந்தது. அறுவை முடிந்த மூன்றாம் நாள், சன்னாசி இன்னும் வார்டில் படுத்திருந்தபோது எழுதியது. பேட்டரி வைத்த இடத்தில் சிவப்பு, கொஞ்சம் சீழ், கட்டு மாற்றப்பட்டது. மங்களம் மஞ்சள் பூசியது அதற்கு ஒரு வாரத்துக்கும் மேல் கழித்து.

தாதி எழுதியதை வைத்து எண் போடக்கூடாது. டாக்டர் எழுதினால்தான் உண்டு. தினேஸ்வரி டாக்டருக்குக் கேள்வி அனுப்பினாள்: தொற்று கருவியால் வந்ததா, எப்போது தொடங்கியது? இரண்டு நாள் கழித்து ஒரு வரி வந்தது. ‘ஏற்கெனவே எழுதியிருக்கிறேன்.’

“கோப்ப மூடிடு, தினேஸ்” என்றார் பிரிவுத் தலைவி புஷ்பராணி. “டாக்டர் எழுதாதத நாம எழுத முடியாது. உனக்குத் தெரியாததா?”

தெரியும். T81.4 என்று தட்டினாள். தன் மேலேயே அவளுக்கு வெறுப்பாக இருந்தது. எண்ணைத்தான் மாற்ற முடியவில்லை, அந்த மனுஷியையாவது மீட்டுவிடலாமே என்று தோன்றியது. கோப்பில் உள்ளதை வெளியே சொன்னால் வேலை போய்விடும். போனால் போகட்டும்.

சாயங்காலம் மங்களம் குசினியில் கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள்.

“அக்கா, ஒன்னு சொல்றேன். யார்கிட்டயும் வாயத் தொறக்கக்கூடாது லா.” தினேஸ்வரி அவளருகே உட்கார்ந்தாள். “மஞ்சளால இல்லக்கா. ஆஸ்பத்திரியிலயே சீழ் வந்திருக்கு. மூனாவது நாளே. தாதி எழுதி வச்சிருக்காங்க, நான் பார்த்தேன். உங்க மேல ஒரு தப்பும் இல்ல.”

அழுவாள், கையைப் பிடித்துக்கொள்வாள் என்று எதிர்பார்த்தாள். மங்களம் கீரையை அப்படியே வைத்துவிட்டாள்.

“மூனாவது நாளா?”

“ஆமாக்கா.”

“அன்னிக்குத்தான் பெரிய டாக்டர் வந்தாரு. கூட நாலஞ்சு பேரு. அந்த எடம் நெருப்பா எரியுதுன்னு காலையிலேருந்து இவரு சொல்லிக்கிட்டே இருந்தாரு. ‘ஓகேவா?’ன்னு டாக்டர் கேட்டதும் வாயத் தொறந்தாரு. நான்தான் தொடையில கிள்ளுனேன். சும்மா இருங்க, டாக்டர் கோவிச்சுக்குவாருன்னு. நானே ‘ஓகே டாக்டர்’னு சொல்லிட்டேன்.”

தோட்டத்து ஆஸ்பத்திரி டிரசர் முன்னால் வலிக்கிறது என்று சொன்னவனுக்கு, வேலைக்கு மட்டம் போடுகிறவன் என்ற பெயர்தான் மிஞ்சும். தோட்டத்தை விட்டு வந்து முப்பது வருடமாகியும் அந்தப் பயம் மட்டும் போகவில்லை. தினேஸ்வரியின் அம்மாவும் டாக்டரிடம் அப்படித்தான் சிரித்துத் தலையாட்டுவாள்.

“தெரியாம மஞ்ச வச்சுட்டேன்னு சாமிகிட்ட அழுதுகிட்டு இருந்தேன்” என்றாள் மங்களம். “இது தெரிஞ்சு செஞ்சது, தினேசு.”

“அப்படி இல்லக்கா…” ஏன் வந்தோம், ஏன் வாயைத் திறந்தோம் என்றிருந்தது தினேஸ்வரிக்கு.

மங்களம் அவளைப் பார்க்காமலே சொன்னாள்: “அதுக்கப்புறம் சாகுற வரைக்கும், வலிக்குதுன்னு அவரு ஒரு தடவகூடச் சொல்லல.”